கிடப்பில் இருந்த 214 கடிதங்கள்

பழுதாகிக் கிடக்கும் சில பொருள்கள் ஊருக்கு நன்மை செய்துகொண்டிருக்கும். தரமணியில் மென்பொருள் வேலைக்குச் சேர்ந்து ஆறு மாதமே ஆகியிருந்த எனக்கு இது தெரியாது. எதைப் பார்த்தாலும் சரிசெய்யத் தோன்றிய காலம் அது.

என் அக்கா ஷீலாவுக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. எங்கள் கத்தோலிக்க வழக்கப்படி கல்யாணத்துக்கு முன் மூன்று ஞாயிறு, பெண்ணின் கோவிலிலும் மாப்பிள்ளையின் கோவிலிலும் ஓலை வாசிப்பார்கள்: இன்னாருக்கும் இன்னாருக்கும் திருமணம், தடை அறிந்தவர்கள் சொல்லலாம் என்று. எங்கள் மயிலாப்பூர் பங்கு அலுவலகத்திலிருந்து அடையாற்றில் மாப்பிள்ளை ஜெரால்டின் பங்குக்கு அந்த ஓலை சனிக்கிழமைக்குள் போயாக வேண்டும். ஒரு ஞாயிறு தவறினால் தவக்காலம் வந்துவிடும். பிறகு ஈஸ்டர் முடிந்துதான் கல்யாணம்.

அலுவலக எழுத்தர் லூர்து அண்ணன் ஓலையைக் கணினியில் தட்டி, ‘மெயில் அனுப்பு’ பொத்தானை அழுத்தினார். டிஎல்எல் கோப்பு பழுது என்றது கணினி.

“மூணு வருசமா இப்டிதாம்மா கீது. பிரிண்ட் எடுத்துக்கினு பஸ்ல போய்க் குடுத்துட்டு வந்துர்றேன். அரை அவர் மேட்டரு.”

“பஸ்லயா? எந்திரிங்கண்ணே.”

அந்தக் கோப்பின் வேலை எளிது. மற்ற மென்பொருள்கள் எழுதும் கடிதத்தை வாங்கி மெயில் மென்பொருளிடம் ஒப்படைக்கும். (தபால்காரர் அல்ல, தெருமுனைத் தபால்பெட்டி வரை நடப்பவர்.) நான் நோட்டில் பட்டியல் போட்டேன். ஒன்று, பழைய கோப்பை எடுத்து வை. இரண்டு, நல்ல கோப்பைப் போடு. மூன்று, கணினியை அணைத்துத் திற. என் மடிக்கணினியின் கோப்பு அந்தக் கிழட்டு இயந்திரத்துக்குச் சேரவில்லை. பக்கத்துப் பள்ளியின் பழைய கணினியிலிருந்து ஒன்றைப் பென்டிரைவில் கொண்டுவந்தேன். சேர்ந்தது.

திரையில் ஒரு கேள்வி: ‘அனுப்பப்படாத கடிதங்கள் 214. அனைத்தையும் அனுப்பவா?’

ஆம் என்றேன். நான்காவதாக ‘அவை என்னவென்று பார்’ என எழுதியிருக்கலாம்.

“இன்னாம்மா, அது பாட்டுக்குப் போய்க்கினே கீது?”

“அதாண்ணே டெக்னாலஜி.”

மூன்று வருடம் முன்பு ஷீலாவுக்கு எட்வின் என்பவரைப் பேசியிருந்தார்கள். அவரும் அதே அடையாறு பங்கு; இரண்டு வரனும் அங்கே குடியிருக்கும் எங்கள் பெரியம்மா பார்த்தவை. ஓலை மெயிலில் போகாமல், அதை அச்சடிப்பதற்குள் அந்தச் சம்பந்தம் முறிந்துபோனது. ஜெரால்டின் அம்மாவிடம் அதைச் சொல்ல வேண்டாம் என்பது பெரியம்மாவின் உத்தரவு.

ஞாயிறு குடும்பத்தோடு அடையாறு போனோம். வந்த மெயிலை எல்லாம் அச்சடித்துக் கொடுத்திருந்தார்கள் போலும். வாசித்தவர் பங்குக்குப் புதிதாய் வந்த ஃபாதர்; குரலில் எந்தச் சலனமும் இல்லை. முதல் ஓலை: எட்வினுக்கும் ஷீலாவுக்கும். எங்களுக்கு இரண்டு வரிசை முன்னால், தோளில் குழந்தையோடு நின்ற எட்வின் சிலையானார். இரண்டாம் ஓலை: ஜெரால்டுக்கும் ஷீலாவுக்கும். “இத்திருமணங்களுக்குத் தடை ஏதேனும் அறிந்தவர்கள்...”

“அறிஞ்சவ இங்க இருக்கேன் ஃபாதர்!” என்றார் எட்வினின் மனைவி.

பூசை முடிந்து வாசலில் ஜெரால்டின் அம்மா மெதுவாகக் கேட்டார்: “ஏம்மா, ரெண்டும் ஒரே ஷீலாவா?”

ஷீலா என் பக்கம் திரும்பவே இல்லை. என் நோட்டில் இதற்கான வரிசை எண் எதுவும் இல்லை.

“எனக்குத் தெரியும்மா. ஷீலா மொத நாளே சொல்லிட்டா,” என்றார் ஜெரால்டு.

அவர் அம்மா மகன் பக்கம் திரும்பினார். “அப்ப எனக்கு மட்டுந்தான் மெயில் வரலையா?”

முதலில் சிரித்தது ஷீலா. தவக்காலத்துக்கு முன்பே கல்யாணம் நடந்தது. இன்றும் எங்கள் வீட்டுக்குள் நுழையும்போது ஜெரால்டு அத்தான், “ரெண்டாவது ஓலை வந்திருக்கேன்” என்றுதான் செருப்பைக் கழற்றுவார்.

போன மாதம் என் கல்யாண ஓலைக்காக அலுவலகம் போனேன். லூர்து அண்ணன் கணினியின் ஒயரைப் பிடுங்கிவிட்டு, பேனாவைத் திறந்தார்.

“உனக்கு ஒரு ஆளுதானேம்மா?”