ஆமைக் கூடையும் அஞ்சுகத்தின் குடும்பச் செலவும்

ஒரு காட்டில், சம்பளம் வரும் நாளுக்கும் வாடகை கொடுக்கும் நாளுக்கும் நடுவில், ஒரு கீரிக் குடும்பம் மூச்சைப் பிடித்துக்கொண்டு வாழ்ந்துவந்தது. புருஷன் பேர் தவசி. சிங்க ராஜாவின் குகை வாசலில் காவல் வேலை. பெண்டாட்டி பேர் அஞ்சுகம். தவசி கொண்டுவரும் சம்பளத்தை மாசக் கடைசி வரைக்கும் உயிரோடு காப்பாற்றுவது அவள் வேலை. இரண்டில் எது கஷ்டமான காவல் என்று நான் சொல்லித்தான் உங்களுக்குத் தெரிய வேண்டுமா?

அந்தக் காட்டில் புளியங்கொட்டைதான் காசு. ராஜா வீட்டு வேலைக்காரர்களுக்குச் சம்பளத்தோடு பஞ்சப்படி என்று ஒரு பிடி கூடக் கிடைக்கும். விலைவாசி ஏறினால் அது ஏறும், இறங்கினால் இறங்கும். ஏட்டில் அப்படித்தான் இருந்தது.

மழைக்காலம் நெருங்கும்போது முள்ளம்பன்றி ராசப்பன் வந்து வாசலில் நின்றார். கீரிகள் குடியிருந்த வளைக்குச் சொந்தக்காரர்.

"தங்கச்சி, வர்ற மாசத்துலேர்ந்து வாடகையைக் கொஞ்சம் கூட்டிக் குடுத்துருங்க. கட்டுப்படியாகலேன்னா மழைக்கு முன்னாடி காலி பண்ணிருங்க. ஒரு பாம்புக் குடும்பம் கேட்டுக்கிட்டே இருக்கு. நல்ல இடம், சத்தம் கித்தம் போட மாட்டாங்க."

கீரியைத் துரத்திவிட்டுப் பாம்பைக் குடிவைக்கப் போகிறானாம். அஞ்சுகத்துக்கு அவர் மேல் பாய்ந்துவிடலாம் போலிருந்தது. ஆனால் மூன்று குட்டிகளில் கடைசிக்கு இன்னும் கண்ணே திறக்கவில்லை. அதைத் தூக்கிக்கொண்டு அடைமழையில் எங்கே போவாள்? "பாக்கறேன் அண்ணே" என்று சொல்லி அனுப்பினாள்.

அதே வாரம் குரங்கு தண்டோரா போட்டது. "இதனால் சகலமானவர்களுக்கும் தெரிவிப்பது! காட்டில் விலைவாசி இறங்கிவிட்டது! ஆகவே பஞ்சப்படி பாதியாகக் குறைக்கப்படுகிறது!"

"எந்தக் காட்டுல இறங்கிச்சாம்?" என்று கத்தினாள் அஞ்சுகம். ராஜா வாசலில் நிற்கிற தவசி வீட்டிலும் வாயை மூடித்தான் பழகியிருந்தான். அவளே கிளம்பினாள்.

விலைவாசி ஆபீஸ் குளக்கரையில் இருந்தது. டோக்கன் வாங்கி வரிசையில் நின்றாள். முன்னால் நின்ற கொக்கு ஒற்றைக்காலில் தூங்கியே போயிருந்தது. வெயில் சாய்ந்த பிறகுதான் பெரிய அதிகாரியைப் பார்க்க முடிந்தது. அவர் ஒரு கிழட்டு ஆமை, பேர் திருமேனி. இப்போதிருக்கும் ராஜாவின் கொள்ளுத்தாத்தா காலத்தில் வேலைக்குச் சேர்ந்தவர். ஓய்வு கொடுக்கலாம் என்றால், கொடுக்க வேண்டிய தலைமுறையெல்லாம் அவருக்கு முன்னாடியே போய்ச் சேர்ந்துவிட்டது.

"உக்காரும்மா. விலைவாசி இறங்கினதுல உனக்கென்ன வருத்தம்?" என்று நிஜமான அக்கறையோடு கேட்டார் ஆமை.

"இறங்கினாத்தானே ஐயா! எதை வெச்சு இறங்கிச்சுன்னு சொல்றீங்க?"

ஆமை மேசைக்கு அடியிலிருந்து ஒரு பழைய கூடையை எடுத்து வைத்தார். அதில் விளக்குத் திரி, விளக்கெண்ணெய், ஓலை விசிறி.

"எனக்குக் கல்யாணமாகித் தனிக்குடித்தனம் வெச்ச மாசம் நானும் என் சம்சாரமும் வாங்கின சாமான் இது. ராஜாவோட கொள்ளுத்தாத்தா பாத்துட்டு, ஒரு குடும்பத்துக்கு இவ்வளவுதான் வேணும்னு சட்டமே போட்டுட்டார். அன்னியிலேர்ந்து மாசாமாசம் இந்தக் கூடையோட விலையைத்தான் பாக்கறோம். இப்ப யாரும் திரி வாங்கறதில்ல, சல்லிசாக் கிடைக்குது. விலைவாசி இறங்கிருச்சு பாரு!"

யார் வாங்குவார்கள்? காட்டுக்குத்தான் மின்மினிக் கம்பெனி வந்துவிட்டதே. பொந்துக்குப் பொந்து வெளிச்சம், மாசம் பிறந்தால் பில்.

"ஐயா, இதுல வீட்டு வாடகை எங்க?"

"வாடகைன்னா?"

அஞ்சுகம் விளக்கிச் சொன்னாள். ஆமை கழுத்தைத் திருப்பித் தன் முதுகைப் பார்த்துக்கொண்டார். "வீட்டுக்குக் காசா? அது கூடவே வருமே?"

"புள்ளைங்க செலவு? பாலு, மைனா பள்ளிக்கூடத்து பீஸு?"

"நாங்க முட்டையை மணல்ல பொதைச்சுட்டு வந்துட்டோம்மா. அதுங்க பாட்டுக்கு வளந்துருச்சுங்க. எங்க இருக்குன்னு தெரியாது. நல்லாத்தான் இருக்கும்." கொஞ்சம் யோசித்தார். "சரி, வாடகை குடுக்கறேன்னு சொல்றியே, ரசீது வெச்சிருக்கியா?"

ரசீதா! ரசீது கொடுத்தால் ராஜாவுக்கு வீட்டு வரி கட்ட வேண்டும் என்று அந்தக் காட்டில் எந்த வீட்டுக்காரனும் ரசீது கொடுத்ததாகச் சரித்திரமே இல்லை.

"ரசீது இல்லாத செலவை நான் எப்படிம்மா செலவுன்னு எழுதறது?" என்றார் ஆமை. வாசல்வரை கூடவே வந்து, "கவலைப்படாதே. கூடையோட விலை ஏறினா பஞ்சப்படி தன்னால ஏறிடும். அதை நானே நெனச்சாலும் தடுக்க முடியாது" என்று தேறுதலும் சொன்னார்.

வீட்டுக்குத் திரும்பி நடந்த அஞ்சுகம் பாதி வழியில் அப்படியே நின்றுவிட்டாள். கூடையின் விலைதானே ஏற வேண்டும்? ஏற்றிவிட்டால் போகிறது!

காவல்காரர் வீட்டுப் பெண்கள் எல்லாருமாக ஒரு சீட்டு போட்டிருந்தார்கள். சீட்டுப் பணம் அஞ்சுகத்திடம்தான் இருந்தது. எல்லாரையும் கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னாள்.

"இம்புட்டுத் திரியை வாங்கி என்னக்கா பண்றது?" என்று கேட்டாள் முயல் குப்பாயி. அவளுக்கு எட்டுக் குட்டி, ஒன்பதாவது வழியில்.

"ஒண்ணும் பண்ண வேணாம்டி. வீட்ல போட்டு வை. விலை ஏறட்டும், பஞ்சப்படி வரட்டும், அப்புறம் பாரு."

குப்பாயி தன் பங்கை விட்டுக்கொடுக்க ரொம்ப யோசித்தாள். மழைக்கு வைத்திருந்த காசு. கடைசியில் அக்கா சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று தலையாட்டினாள்.

பெண்கள் படையாகப் போய்ப் பெருச்சாளி கடையில் இறங்கினார்கள். தாத்தா காலத்துச் சரக்கு தூசி தட்டி வெளியே வந்தது. பெருச்சாளி முதலில் சிரித்தான், அப்புறம் தலையைச் சொறிந்தான், அப்புறம் விலையை ஏற்றினான். ஏறினதைப் பார்த்ததும், இன்னும் ஏறிவிடுமோ என்று ஒன்றும் தெரியாத மற்ற மிருகங்களும் வந்து முட்டி மோதி வாங்கின. விளக்கெண்ணெய் தேனைவிட ஒசத்தியாகிவிட்டது.

குரங்கு மறுபடி தண்டோரா போட்டது. "விலைவாசி தாங்க முடியாமல் ஏறிவிட்டது! பஞ்சப்படி இரட்டிப்பு!"

அடேயப்பா, அன்றைக்கு அந்த வளையில் நடந்த கூத்தைப் பார்க்க வேண்டுமே! தவசி குட்டிகளைத் தோளில் தூக்கிப் போட்டுக்கொண்டு ஆடினான்.

தண்டோரா ராசப்பன் காதிலும் விழுந்தது. "பஞ்சப்படி ரெண்டு மடங்காமே தங்கச்சி, ரொம்ப சந்தோஷம்" என்று சொல்லி வாடகையையும் ரெண்டு மடங்காக்கினார். மைனா பீஸை ஏற்றியது. பால்காரப் பசுவும் சும்மா இருக்கவில்லை. அஞ்சுகம் புறப்பட்ட இடத்துக்கே வந்து சேர்ந்தாள். அதிகப்படியாக ஒன்று மட்டும்தான், வளை நிறையத் திரியும் எண்ணெய்க் குடமும்.

அங்கே ஆமைக்குத் தூக்கம் போய்விட்டது. இப்படி ஒரு விலையேற்றத்தை அவர் ஆயுசில் கண்டதில்லை. இந்தக் காலத்துக் குடும்பம் என்னதான் வாங்குகிறது என்று நேரில் பார்த்துப் புதுக் கூடை போட முடிவுசெய்தார். யார் வீட்டுக்குப் போவது? தேடிவந்து கேள்வி கேட்டவள் ஒருத்திதானே! அஞ்சுகம் வீட்டுக்கே வந்துவிட்டார். மேலதிகாரி வருகிறார் என்று ராசப்பனும் ஓடிவந்து பக்கத்தில் நின்றுகொண்டார்.

ஆமை குவியலை அண்ணாந்து பார்த்தார். "இத்தனையும் ஒரு மாசத்துக்கா?"

விலையை வேண்டுமென்றே ஏற்றினோம் என்று தெரிந்தால் தவசியின் வேலை போகும், தலையும் போகலாம்.

"ஆமாங்க. இது இல்லாம எங்களுக்கு ஓடாதுங்க" என்றாள் அஞ்சுகம்.

"இவ்வளவு எண்ணெயை என்னம்மா பண்றீங்க?"

பயத்தில் என்ன சொல்கிறோம் என்றே தெரியவில்லை. "குடிக்கறோமுங்க."

வீட்டுக்கு வந்தவருக்குக் குடிக்க எதுவும் கொடுக்காமல் அனுப்புகிற வழக்கம் அந்தக் காட்டில் கிடையாது. பால் வாங்கக் காசில்லை. ஒரு தம்ளர் நிறைய விளக்கெண்ணெயை ஊற்றிக் கொடுத்தாள். "நீங்கல்லாம் குடிக்காம நான் மட்டும் எப்படி?" என்றார் ஆமை. ஆகவே தவசி குடித்தான், அஞ்சுகம் குடித்தாள், குட்டிகள் குடித்தன. அதற்கப்புறம் நடந்ததை நீதிக்கதையில் சொல்லக் கூடாது.

கிளம்பும்போது ஆமை கேட்டார். "அன்னிக்கு ஏதோ வாடகைன்னு சொன்னியேம்மா?"

"வாடகையா? சேச்சே!" என்று குறுக்கே பாய்ந்தார் ராசப்பன். "அஞ்சுகம் எனக்குக் கூடப்பொறந்தவ மாதிரி. காசு வாங்குவனா?"

அட்வான்ஸ் அவர் கையில் இருந்தது. அஞ்சுகம் பல்லைக் கடித்துக்கொண்டு, "ஆமாங்க, அண்ணன் சும்மாதான் விட்டிருக்காரு" என்றாள்.

ஆமைக்குக் கண் கலங்கிவிட்டது.

புதுக் கூடை வந்தது. இந்தக் காலத்துக் குடும்பத்துக்குத் தேவை விளக்கெண்ணெய், திரி, விசிறி, அதுவும் குடம் குடமாக, வேறொன்றும் வேண்டாம். அதற்குள் பெண்கள் கையில் காசு தீர்ந்து, வாங்குவாரில்லாமல் பெருச்சாளி மிச்சச் சரக்கைச் சும்மா அள்ளிக் கொடுத்துக்கொண்டிருந்தான். கூடையின் விலை ஒன்றுமேயில்லை. ஆகவே பஞ்சப்படியும் ஒன்றுமேயில்லை.

குப்பாயி வந்து நின்றாள். திட்டக்கூட இல்லை. "எட்டுப் புள்ளையை வெச்சுக்கிட்டு உன் பேச்சைக் கேட்டேனேக்கா" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனாள். அஞ்சுகத்துக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

முதல் மழை விழுந்தது. ராசப்பன் சட்டிபானையைத் தூக்கி வெளியே வைத்தார். பாம்புக் குடும்பம் மூட்டை முடிச்சோடு தயாராக நின்றது. ஒரு ஓலை விசிறியைக் குட்டிகளின் தலைக்கு மேலே பிடித்தபடி அஞ்சுகம் நனைந்தாள்.

அப்போது குரங்கு ஓடிவந்தது. "இங்க அஞ்சுகம்ங்கறது யாரு? ராஜா கூப்பிடறார்! ஆமை ஐயா கணக்குப்படி இவ்வளவு கம்மிச் செலவுல குடும்பம் நடத்தினவங்க இந்தக் காட்டுச் சரித்திரத்துலேயே இல்லையாம். உங்களைக் குடும்பச் சிக்கன ஆலோசகரா நியமிச்சிருக்கார். அரண்மனை ஓரத்துல வளை சும்மா, பால் சும்மா, புள்ளைங்க படிப்பும் சும்மா!"

"நெசத்தைச் சொல்லிரட்டுமா?" என்று தவசியிடம் கிசுகிசுத்தாள் அஞ்சுகம்.

"சின்னது நனையுது" என்றான் தவசி.

அடுத்த வாரம் அரண்மனைக் கூடத்தில் முதல் வகுப்பு. காவல்காரர் வீட்டுப் பெண்கள் கட்டாயம் வர வேண்டும் என்று உத்தரவு. அஞ்சுகம் காய்ந்த மேடையில் நின்று, வரவுக்குள் வாழ்வது எப்படி, விளக்கெண்ணெயின் மகிமை என்ன என்று அருமையாகப் பேசினாள். ஆமை முன்வரிசையில் உட்கார்ந்து தலையாட்டினார்.

பின்னாலிருந்து ஒருத்தி எழுந்தாள். குப்பாயி. உடம்பெல்லாம் சொட்டச் சொட்ட நனைந்திருந்தது, இடுப்பில் ஒரு குட்டி.

"அக்கா, வீட்டு வாடகைக்கு என்ன பண்றது?"

அஞ்சுகம் அவளைப் பார்த்தாள். உண்மையைச் சொல்ல வாயெடுத்தாள். முன்வரிசையில் இருந்த ஆமையைப் பார்த்தாள், விழுங்கிக்கொண்டாள்.

"கேள்விகளையெல்லாம் கடைசியில எடுத்துக்கலாம்" என்று சொல்லிவிட்டு மேலே பேசினாள்.

நீதி: வரவுக்குள் குடும்பம் நடத்த ஒரே ஒரு வழிதான் உண்டு. அது எப்படி என்று மற்றவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கும் வேலையில் சேர்ந்துவிட வேண்டும்.