ஞா. எஸ்தர் என்று பெயர் வெட்டிய தட்டு

ஒரு தட்டைப் பத்து வருஷம் தூக்கிக்கொண்டு நடந்தவனுக்கு, அந்தத் தட்டில் இருப்பதைச் சமைக்கவும் தெரிந்திருக்கும் என்று நான் மனதார நம்பினேன். இப்படி நம்புகிற ஜென்மம் எல்லா வீட்டிலும் ஒன்று இருக்கும். எங்கள் வீட்டில் அது நான்.

தொண்ணூற்றொன்றாம் வருஷம். எனக்கு இருபத்து மூன்று வயது. அம்பத்தூரில் வீடு, பாடியில் ஒரு தொழிற்சாலையில் ஃபிட்டர் வேலை. (வேலை என்றால் பயிற்சிதான். ஆனால் வீட்டில் நான் பேசுகிற தோரணையைப் பார்த்தால் தொழிற்சாலையே என் தோளில்தான் நிற்கிறது என்று நினைப்பீர்கள்.)

அம்மாவுக்கு ஆவடியில் ஒரு பள்ளிக்கூடத்தில் தையல் டீச்சர் உத்தியோகம். அங்கே கூட வேலை பார்த்த ஆங்கிலோ இந்தியன் டீச்சர் ஒருவர், ஆஸ்திரேலியாவுக்குக் குடிபெயர்ந்து போவதற்கு முன் அம்மாவுக்கு ஒரு பதார்த்தம் சொல்லிக் கொடுத்துவிட்டுப் போனார். அடியில் உருளைக்கிழங்கு வில்லைகள், அதன்மேல் சாசேஜ் என்கிற இறைச்சிக் குழல் துண்டுகளும் வெங்காயமும் தக்காளியும், மறுபடி உருளைக்கிழங்கு, அதன்மேல் பாலில் மைதா கரைத்துக் காய்ச்சிய குழம்பு, உச்சியில் ரொட்டித்தூள். அதற்கு இங்கிலீஷில் ஏதோ ஒரு பெயர் இருந்தது. அடுக்கடுக்காகத் தடிமனாக இருந்ததால் அப்பா 'மெத்தை' என்றார், அதுவே நிலைத்துவிட்டது. வருஷத்துக்கு ஒரே ஒரு தடவை, கிறிஸ்மஸுக்கு முந்தின நாள்தான் மெத்தை. வீட்டில் 'அவன்' என்கிற பேக்கிங் அடுப்பு கிடையாது என்பதால் எல்லோரும் கேக் மாவை எடுத்துக்கொண்டு போகிற மார்க்கெட் பின்புறத்து பேக்கரிக்கு அம்மா மெத்தையை எடுத்துப் போவாள். விறகு போட்டு எரிக்கிற பெரிய அடுப்பு. தட்டைத் தூக்குவது என் வேலை, பின்னால் குடை பிடித்து வருவது அம்மா வேலை.

ஒரு வருஷம் தட்டு மாறிப்போய், எங்களுக்கு யார் வீட்டுக் கேக்கோ வந்து, எங்கள் மெத்தை யார் வீட்டுக்கோ போய்விட்டது. அம்மா சும்மா விடுவாளா? பாத்திரக்கடையில் கொடுத்து தட்டின் விளிம்பில் புள்ளி புள்ளியாகப் பெயர் வெட்டிக்கொண்டு வந்தாள். ஞா. எஸ்தர். ஞா என்பது ஞானராஜ், என் அப்பா.

தொண்ணூற்றொன்று ஆகஸ்டில் அம்மா போய்விட்டாள். காலையில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள், ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியிலேயே முடிந்துவிட்டது. அன்றிலிருந்து அப்பா இரண்டு கவளம் ரசம் சாதத்துக்கு மேல் சாப்பிடவில்லை. அம்மா பெயரை வாயில் எடுக்கவும் இல்லை. நானும் எடுக்கவில்லை. வீட்டுக்குள் இரண்டு ஆண்கள் நாலு மாதம் 'தண்ணி வந்துச்சா', 'கதவச் சாத்துனியா' என்று மட்டும் பேசிக்கொண்டு இருந்தோம். டிசம்பருக்குள் அப்பாவின் சட்டை காலருக்கும் கழுத்துக்கும் நடுவில் என் கை நுழைகிற அளவுக்கு இடம் வந்துவிட்டது. எனக்கு பயம் பிடித்துக்கொண்டது. அம்மா பின்னாலேயே இவரும் போய்விடுவார் என்று நிஜமாகவே பயந்தேன்.

துக்கம் நடந்த வருஷம் எங்களில் நட்சத்திரம் கட்ட மாட்டார்கள், பலகாரம் சுட மாட்டார்கள். வானகரத்தில் வாக்கப்பட்டிருந்த அக்காவிடம் போய் என் திட்டத்தைச் சொன்னேன்.

"மெத்தை செய்யப் போறேன்க்கா. அப்பா அத மட்டும் வேணாம்னு சொல்லமாட்டாரு."

"வெந்நி வெக்கத் தெரியுமாடா உனக்கு? கம்முனு இரு. இந்த வருஷம் நமக்கு ஒண்ணும் கிடையாது."

கம்முனு இருந்திருக்கலாம். அக்காவிடம் செய்முறையாவது கேட்டிருக்கலாம். ரோஷம் வந்துவிட்டது, கேட்காமல் திரும்பினேன்.

சாசேஜ் பெரம்பூரில் ஒரு குளிர்பதனக் கடையில்தான் கிடைக்கும். டிபன் கேரியரில் ஐஸ்கட்டி போட்டு வாங்கி வந்தேன். பஸ்ஸில் ஐஸ் உருகி, பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் வேட்டி நனைந்து, அவர் என்னைப் பார்த்த பார்வையை விட்டுவிடுவோம். மறுநாள் லீவு போட்டுவிட்டுச் சமையலில் இறங்கினேன். அம்மா உருளைக்கிழங்கை வில்லையாக அடுக்குவதைப் பார்த்திருக்கிறேன். அதற்கு முன்னால் அரை வேக்காடு வேகவைப்பாள் என்பதைப் பார்த்ததில்லை. தட்டு ரெடியான பிறகுதானே நான் வருவேன்! தொழிற்சாலையிலிருந்து கடன் கேட்டுக் கொண்டுவந்த வெர்னியர் அளவுகோலை வைத்து, ஒவ்வொரு வில்லையும் சரியாகப் பன்னிரண்டு மில்லிமீட்டர் இருக்கும்படி வெட்டினேன். பச்சையாக. (இந்தியாவிலேயே வெர்னியர் வைத்து உருளைக்கிழங்கு அறுத்த முதல் ஃபிட்டர் நான்தான், யாரும் மறுக்க முடியாது.) அப்பா உள்ளறையில் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். என்ன செய்கிறாய் என்று கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை.

பேக்கரியில் திருவிழாக் கூட்டம். வரிசை என் முறைக்கு வந்தபோது அடுப்பு மாஸ்டர் தட்டின் விளிம்பைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார்.

"அட, எஸ்தர்க்கா தட்டு! இன்னாபா, நீ மட்டும் வந்துகீற? அக்கா எங்க?"

நாலு மாதமாக எல்லோரிடமும் சொல்லியாகிவிட்டது. தபால்காரரிடம், ரேஷன் கடையில், கேஸ் போடுகிறவரிடம். ஒருவரிடமும் தடுமாறவில்லை. ஆனால் அந்த மாவு படிந்த முகம் சந்தோஷமாக 'அக்கா எங்க' என்று கேட்டதும் வாயில் வேறொன்று வந்துவிட்டது.

"ஊருக்குப் போயிருக்காங்க" என்றேன்.

"கிறிஸ்மஸ் அதுவுமா? எந்த ஊரு?"

"திருநெல்வேலி." (எங்களுக்குத் திருநெல்வேலியில் ஒரு காக்கா குருவி கூடத் தெரியாது.)

"எப்ப வராங்க?"

"பொங்கல் முடிஞ்சு."

"வந்தா நான் கேட்டேன்னு சொல்லு நைனா. வருசா வருசம் எனக்குனு ஒரு மூலய வெட்டி எட்த்துகினு வந்து குடுப்பாங்க. அந்தக் கை யாருக்கு வரும்?"

தலையாட்டிவிட்டு வெளியே வந்து கூரைக்கு அடியில் கடைசி ஆளாக நின்றேன். பெற்ற தாயைத் திருநெல்வேலிக்கு அனுப்பிய மகன் வேறு எங்கே நிற்பான்? மழை பிடித்துக்கொண்டது. ஒரு மணி நேரம் போயிருக்கும். தெருமுனையில் ஒரு குடை வந்தது. அந்தக் குடையை எனக்குத் தெரியும். கீழே அப்பா.

"மழ வருதே, குடை எடுக்காம போயிட்டியேன்னு..." என்றார். அம்மா போன பிறகு, வேலை, சர்ச் தவிர அவர் வாசல் தாண்டியதே அன்றுதான். தட்டு எடுத்துக்கொண்டு போனதைக் கவனித்திருக்கிறார் என்பதும் அப்போதுதான் தெரிந்தது. பக்கத்தில் வந்து நின்றார். சந்தோஷப்பட வேண்டிய நேரம். ஆனால் என் கண் மாஸ்டர் மேல்தான் இருந்தது. உள்ளே தட்டுகள் வெளியே வர ஆரம்பித்திருந்தன. மாஸ்டர் ஒவ்வொரு பெயராகக் கத்திக் கொடுத்துக்கொண்டிருந்தார்.

"ஞா. எஸ்தர்! எஸ்தர்க்கா தட்டு!"

அந்தப் பெயரை உரக்கக் கேட்டு நாலு மாதமாகியிருந்தது. யாரோ அவளையே கூப்பிடுகிற மாதிரி இருந்தது. கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு 'இதோ வந்துட்டேன்' என்று முந்தானையை இழுத்துச் செருகியபடி அம்மா போவாள் என்று ஒரு நொடி நானே எதிர்பார்த்தேன். அப்பாவைத் திரும்பிப் பார்க்க தைரியம் இல்லை. கை தூக்க வேண்டியதுதானே? தூக்கினால் மாஸ்டர் திருநெல்வேலியைப் பற்றிப் பேசுவார். கல்லாக நின்றேன்.

"எஸ்தர்க்கா தட்டு! தம்பி எங்க போச்சு? டீ குடிக்கப் போய்கீதா? சரி, ஆறிப்பூடும், உள்ளயே கெடக்கட்டும்."

மெத்தை மறுபடி அடுப்புக்குள் போனது. அப்பா குடைக் கம்பியை மட்டும் இறுக்கிப் பிடித்திருந்தார். கேக்குகள் வந்தன, ஜனங்கள் வாங்கிக்கொண்டு போனார்கள். கருகுகிற வாடை வந்தது. மாஸ்டர் அவசரமாகத் தட்டை இழுத்தார்.

"ஞா. எஸ்தர்! யோவ், எஸ்தர்க்கா வூட்டு ஆளு யாருமே இல்லயா?"

அப்பா குடையை என் கையில் கொடுத்துவிட்டு முன்னால் போனார்.

"என் சம்சாரம் தட்டுதாங்க. அவங்க இல்ல. ஆகஸ்ட் மாசம் தவறிட்டாங்க. என்கிட்ட குடுங்க."

"இன்னா சார் சொல்ற?" மாஸ்டருக்குக் குரல் இறங்கிவிட்டது. "ஊருக்குப் போய்கீறாங்க, பொங்கல் முடிஞ்சு வருவாங்கன்னு தம்பி சொல்லிச்சே..."

அங்கே நின்ற அத்தனை பேரும் திரும்பி என்னைப் பார்த்தார்கள். பூமி பிளக்கவில்லை. (வேண்டிய நேரத்தில் பிளந்ததாகச் சரித்திரமே இல்லை.) நான் அப்பாவின் முகத்தைப் பார்த்தேன். கோபம் இருக்கும் என்று நினைத்தேன். இல்லை. தோளில் கிடந்த துண்டை மடித்துத் தட்டுக்குக் கீழே கொடுத்து, சூட்டோடு தூக்கிக்கொண்டு நடந்தார். நான் குடையோடு ஓடினேன். குடையைத் தட்டுக்குப் பிடித்தேன். அப்பா நனைந்துகொண்டே வந்தார்.

வீட்டில் தட்டை மேஜைமேல் வைத்தோம். மேலே கரி. கரியைத் தட்டி எடுத்துவிட்டுக் கத்தியை இறக்கினால், உருளைக்கிழங்கு பன்னிரண்டு மில்லிமீட்டரும் விறைப்பாக நின்றது. அப்பாவின் தட்டில் இரண்டு துண்டு வைத்தேன். அவர் கண்ணை மூடி ஜெபம் செய்துவிட்டு வாயில் போட்டார். மென்றார். மென்றார். மென்றுகொண்டே இருந்தார். பிறகு இரண்டு விரலை வாய்க்குள் விட்டு, கண்ணாடித்தாள் மாதிரி ஒரு நீள நாடாவை உருவி வெளியே எடுத்து வெளிச்சத்தில் பிடித்தார்.

"என்னடா இது?"

"சாசேஜ்ப்பா."

"அது தெரியுது. தோல உரிக்கலயா?"

"உரிக்கணுமா?"

அப்பா கரண்டியை வைத்துவிட்டார்.

"இருபது வருஷமா யாருடா உரிச்சது? நான்தானடா. பின்வாசல்ல பேப்பர விரிச்சு வெச்சு, 'ஏங்க, ஒண்ணு விடாம உரிங்க, தொண்டையில சிக்கும்'னு எஸ்தர் குடுத்துட்டுப் போவா. நீ பந்து விளையாடிட்டு, எல்லாம் முடிஞ்சப்புறம் தட்டத் தூக்க வருவ." நாடாவை மேஜைமேல் மெதுவாக வைத்தார். "ஒரு வார்த்த என்கிட்ட கேட்டிருக்கலாம்லடா?"

"எப்படிப்பா கேக்கறது? நீங்கதான் பேசறதே இல்லியே."

"நீயும்தான் பேசல."

எனக்கு அழுகை வந்துவிட்டது. சத்தமாக, மூக்கு ஒழுக, இருபத்து மூன்று வயது ஃபிட்டர் அழக் கூடாத விதத்தில் அழுதேன். அப்பாவும் அழுதார். எஸ்தர், எஸ்தர் என்று இரண்டு தடவை சொன்னார். அடக்கத்தன்று கூட அவர் அழுது நான் பார்க்கவில்லை. ஒரு சாசேஜ் தோலை நடுவில் வைத்துக்கொண்டு இரண்டு பேரும் அப்படி அழுததை யாராவது பார்த்திருந்தால் என்ன நினைத்திருப்பார்களோ.

அப்புறம் அப்பா எழுந்து, பழைய பேப்பரைத் தேடி எடுத்து விரித்தார். கருகிய மெத்தையிலிருந்து சாசேஜ் துண்டுகளைப் பொறுக்கி ஒவ்வொன்றாகத் தோல் உரித்தார். விரல் சுட்டதற்கு என்னைத்தான் திட்டினார். மிச்சம் மீதியை எல்லாம் குக்கரில் போட்டு மூன்று விசில் விட்டோம். வந்தது மெத்தை இல்லை, கூழ். ரொட்டியில் தடவிச் சாப்பிட்டோம். அப்பா மூன்று தடவை போட்டுக்கொண்டார்.

"மாஸ்டருக்கு ஒரு மூல குடுக்கணும்டா, எஸ்தர் குடுப்பா" என்றார்.

"வேணாம்ப்பா. நல்ல மனுஷன்" என்றேன்.

அப்பா சிரித்துவிட்டார்.

மறுநாள் வந்த அக்கா குக்கரைத் திறந்து பார்த்து, "இது என்னடா, மாட்டுக்குக் கரைச்சதா?" என்றாள். அப்பாவே முழுக் கதையையும் சொன்னார். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் யாராவது கூப்பிட்ட குரலுக்குப் பதில் சொல்லாவிட்டால், 'என்ன, பேக்கரியில நிக்கிறியா?' என்றுதான் கேட்பார்கள். என்னைப் பார்க்க வந்த பெண் வீட்டாரிடமும் அக்கா இதைச் சொல்லித்தான் கல்யாணம் பேசினாள்.

அடுத்த வருஷம் அப்பா உரித்தார், அக்கா உருளைக்கிழங்கை வேகவைத்துக் கொடுத்தாள், நான் தூக்கினேன். அப்பா குடையோடு கூட வந்தார். "ஞா. எஸ்தர்! எஸ்தர்க்கா தட்டு!" என்று மாஸ்டர் கத்தியதும் இந்தத் தடவை நான் ரோஷமாகக் கையைத் தூக்கினேன். அப்பா என் முழங்கையைப் பிடித்துக் கீழே இறக்கினார்.

"இருடா" என்றார். "இன்னொரு வாட்டி கூப்பிடட்டும்."

மாஸ்டர் எங்களைப் பார்த்தார். ஒன்றும் கேட்காமல் தட்டை மறுபடி உள்ளே தள்ளினார். கொஞ்ச நேரம் கழித்து, முதலில் கூப்பிட்டதைவிடச் சத்தமாகக் கூப்பிட்டார்.

அப்பா அதற்குப் பிறகு பன்னிரண்டு கிறிஸ்மஸ் இருந்தார். இப்போது வீட்டில் மின்சார 'அவன்' அடுப்பு இருக்கிறது. தட்டு அதற்குள் நுழையாது என்று என் மனைவியிடம் சொல்லி வைத்திருக்கிறேன். அவள் அளந்து பார்த்துவிட்டாள், நுழையும். ஒன்றும் சொல்லவில்லை. பேக்கரியில் இப்போது மாஸ்டரின் மகன் கூப்பிடுகிறார், நான் இரண்டாவது தடவைக்குத்தான் கை தூக்குகிறேன். அதனால் மேலே கொஞ்சம் கருகிப்போகும். பிள்ளைகள் முணுமுணுத்துக்கொண்டே சுரண்டிவிட்டுச் சாப்பிடுவார்கள். எங்கள் வீட்டு மெத்தை அப்படித்தான் இருக்கும்.