சின்னதா ரெண்டு ஸ்குவாஷ்

பெண்ணைப் பெற்றவனுக்குப் பதற்றம் வந்தால் காது பாதி அடைத்துவிடும். மீதிப் பாதியில் விழுந்ததை வைத்துக்கொண்டு அவன் கடைக்குக் கிளம்பிவிடுவான். நான் கிளம்பினேன். இத்தனைக்கும் செஞ்சியில் பாதிப் பேருக்கு ஆங்கிலம் சொல்லிக்கொடுத்த வாத்தியார் நான்.

என் மகள் ஸ்டெல்லா பெங்களூரில் வேலை செய்கிறாள். கூட வேலை செய்யும் தானியேலைக் கட்டிக்கொள்ளப் போவதாகச் சொன்னபோது, பேரைக் கேட்டு நம்மவன் என்று நிம்மதியாக இருந்தேன். பிறகுதான் அவன் வெளிநாட்டு யூதப் பையன் என்று தெரிந்தது. என் மனைவி ஆரோக்கியம் அசரவில்லை. "மாதாவே அந்த ஜனம்தான. உங்களுக்கு இன்னா டென்ஷன்?" என்றாள்.

டென்ஷன், பையனின் அம்மா மிரியம் நேரில் வருவதுதான். எங்களைப் பார்த்த பிறகுதான் சம்மதம் சொல்வாராம். வரும் நாள் அவர்களுடைய புத்தாண்டு. பண்டிகை என்றால் அவர் வீட்டில் நூடுல்ஸும் ஸ்குவாஷும் சேர்த்துச் சுடும் பதார்த்தம் ஒன்று கட்டாயம் இருக்கும், இனிப்பில்லை, மிளகு போட்டது, அதை நாம் செய்து வைத்தால் மனசு குளிர்ந்துவிடும் என்று ஸ்டெல்லா போனில் சொன்னாள்.

"நூடுல்ஸ வேக வெச்சு, முட்டை, வெங்காயம், மிளகு, ஸ்குவாஷ் கலந்து அவன்ல வெச்சுடுங்க நைனா. ஆரஞ்சு கலரா பாத்து வாங்குங்க. சின்னதா ரெண்டு போதும்."

மேலும் ஏதோ சொல்ல வந்தாள். எனக்குத் தெரியாததா என்று போனை வைத்துவிட்டேன்.

ஸ்குவாஷ் என்றால் ஒரு பந்தாட்டம், ஒரு பானம். இரண்டும் தெரிந்த மேதாவிக்கு, மூன்றாவதாக ஒரு காயும் இருக்கும் என்று தோன்றவில்லை. மளிகைக் கடையில் ஆரஞ்சு ஸ்குவாஷ் சின்ன பாட்டிலாக இரண்டு வாங்கினேன். (பெரிய பாட்டில்தான் லாபம் என்று கடைக்காரர் சொன்னார். நான் மகள் சொல்லைத் தட்டவில்லை.)

சமையல் மேடையில் எங்கள் தோட்டத்துப் பரங்கிக்காய்கள் இரண்டு, இடத்தை அடைத்துக்கொண்டிருந்தன. நல்ல ஆரஞ்சு நிறம். சின்னவைதான். அவற்றைத் தூக்கிச் சாப்பாட்டு மேசைக்கு அடியில் தள்ளிவிட்டுப் பாட்டில்களுக்கு இடம் பண்ணினேன்.

"வெங்காயத்துல ஜூஸ ஊத்துவாங்களா?" என்றாள் ஆரோக்கியம். அது அவர்கள் ஊர்ப் பழக்கம், உனக்குப் புரியாது என்றேன்.

எங்கள் வீட்டில் அவன் கிடையாது, பேக்கரியில்தான் இருக்கிறான். கலந்ததை ஒரு தட்டில் ஊற்றி அங்கே கொண்டுபோனேன். வெந்ததை வெளியே எடுத்த பேக்கரிக்காரர் முகர்ந்து பார்த்துவிட்டு, "சார், இது சாப்டறதுக்குத்தான?" என்று மட்டும் கேட்டார்.

வந்தவர்கள் ராஜகிரிக் கோட்டை ஏறி இறங்கி, நல்ல பசியோடு மாலையில் மேசைக்கு வந்தார்கள். பதார்த்தத்தைப் பார்த்ததும் மிரியத்துக்குக் கண் கலங்கிவிட்டது. ஒரு வாய் வைத்தார். மெல்லுவது நின்றது. பிறகு மிக மெதுவாகத் தொடர்ந்தது. தானியேல் தண்ணீர் குடித்தான், மறுபடியும் குடித்தான்.

இதில் என்னவெல்லாம் போட்டீர்கள் என்று மிரியம் கேட்டார். நான் ஒவ்வொன்றாகச் சொல்லி, சாட்சிக்குக் காலி பாட்டிலையும் கொண்டுவந்து காட்டினேன்.

ஸ்டெல்லா முகத்தை மூடிக்கொண்டாள். "நைனா, அது பரங்கிக்காய் நைனா," என்று மேசைக்கு அடியில் கை காட்டினாள்.

மிரியம் குனிந்து மேசைக்கு அடியில் பார்த்தார். மலை ஏறி ஓய்ந்த கால்களை அதுவரை ஒரு பரங்கிக்காயின் மேல்தான் தூக்கி வைத்திருந்தார். சம்பந்தம் போயிற்று என்று காலி பாட்டிலை முதுகுக்குப் பின்னால் ஒளித்தேன். அவர் ஏதோ சொன்னார். வாத்தியாருக்கு அந்த நிமிடம் ஆங்கிலமும் புரியவில்லை. மகள்தான் தமிழில் சொன்னாள்.

"புது வருஷம் இனிப்பா இருக்கணும்னு வேண்டிக்குவாங்களாம். ஆனா இவ்ளோ இனிப்பு யாரும் கேட்டதில்லியாம்."

மிரியம் தட்டில் இருந்ததை மிச்சமில்லாமல் சாப்பிட்டார். (என்னால் என் பங்கை முடிக்க முடியவில்லை.)

அதற்குப் பிறகு அந்த இரண்டு பாட்டில் இல்லாமல் எங்கள் வீட்டில் எந்த விசேஷமும் நடப்பதில்லை. நிச்சயதார்த்தத்தில் தொடங்கியது அது. மாப்பிள்ளை வீட்டு வரிசைத் தட்டில் பூ, பழம், புடவைக்கு நடுவே ஆரஞ்சு ஸ்குவாஷ், சின்னதாக இரண்டு. இது யூதர்கள் வழக்கமா என்று பங்குச் சாமியார் ஆர்வமாகக் கேட்டார். நான் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"இல்ல சாமி," என்றாள் ஆரோக்கியம். "எங்க ஊட்டு வழக்கம்."