அறுபது சதவீத மாப்பிள்ளை

இன்னும் கொஞ்சம் கிட்ட வாருங்கள், கண்ணுகளா. கால் மரத்துப் போனால் நீட்டிக்கொள்ளுங்கள், யாரும் ஒன்றும் சொல்லப் போவதில்லை. பெண் பார்க்கப் போன இடத்தில் பெண்ணைப் பார்க்காமல் போனைப் பார்த்த ஒரு பிள்ளையின் கதையைச் சொல்கிறேன். நடுவில் அவனை நாலு வார்த்தை திட்டத் தோன்றும். பொறுத்துக்கொள்ளுங்கள், தங்கமான பிள்ளை.

"தலைய நிமித்துடா அறிவு! அரியலூரே தாண்டியாச்சு, இன்னும் அதுலயே கெடக்குற" என்றார் வண்டியை ஓட்டிக்கொண்டிருந்த மதுரைவீரன் மாமா.

"பத்து நிமிசம் மாமா."

"பெரம்பலூர்ல ஏறும்போதே பத்து நிமிசம்னுதான் சொன்ன."

அறிவுச்செல்வனுக்கு முப்பத்து மூன்று வயது. பெரம்பலூரில் செல்போன் பழுது பார்க்கும் கடை. நான்கு வரன் வந்து நான்கும் தட்டிப் போயிற்று. இது ஐந்தாவது. கீழப்பழுவூர்ப் பெண், பெயர் சக்தி, அரியலூரில் ஒரு கல்லூரியில் புள்ளியியல் சொல்லிக்கொடுக்கிறாள். போட்டோ வந்த அன்றைக்கு அறிவு ஒரு போனின் திரையைக் கொண்டுபோய் இன்னொரு போனில் மாட்டிவிட்டு, ஏன் சேரவில்லை என்று அரை மணி நேரம் யோசித்தான். அவ்வளவு பிடித்துப் போயிற்று.

"இதுவும் தட்டிப் போச்சுன்னா, இனிமே எந்த வூட்டுப் படியும் நான் ஏற மாட்டேன்" என்று பின் சீட்டில் இருந்த அவன் அம்மா கிளம்பும்போதே சொல்லியிருந்தாள்.

ஆகவே வரன் கூடிவர வேண்டும். அதே நாளில், காலை பதினொரு மணிக்கு, வாளும் அடிக்க வேண்டும்!

என்ன வாள் என்கிறீர்களா? போனில் ஒரு விளையாட்டு. ராஜா, ராட்சசன், மந்திரம், மலைக்கோட்டை என்று ஒரு தனி உலகம். அதில் ஐந்து பேர் சேர்ந்து ஓர் அணி. நான்கு பேர் சண்டை போடுகிறவர்கள். அறிவு மட்டும் கொல்லன். ஐந்து பேரும் பதினான்கு மாதம் அலைந்து, பொறுக்கி, தோண்டிச் சேர்த்த இரும்பில் ஒரு வாள் வைத்திருந்தார்கள். அதை ஒரு பெரிய உலையில் வைத்து அடித்தால் ராட்சசனை வெல்லும் வாள் ஆகும். அந்த உலை மூன்று மாதத்துக்கு ஒரு தடவை, அரை மணி நேரம்தான் திறக்கும். அது இந்த ஞாயிற்றுக்கிழமை பதினொன்று முதல் பதினொன்றரை வரை. பெண் பார்க்கக் குறித்துக் கொடுத்த கௌரி நல்ல நேரம் பத்தரை முதல் பதினொன்றரை.

சம்மட்டியை ஓங்கினால் அடி சரியாக விழும் என்று எந்த உறுதியும் கிடையாது. நூற்றுக்கு நாற்பது வாய்ப்பு என்று விளையாட்டு சொல்லும். தப்பினால் வாளில் ஒரு விரிசல். மூன்று விரிசல் விழுந்தால் வாள் தூள்.

ஆரம்பத்தில் அறிவு என்ன நினைத்தான் தெரியுமா? "நாப்பது, நாப்பது, நாப்பது. மூணு தடவ அடிச்சா நூத்தி இருவது. கண்டிப்பா விழுந்துடும்" என்று அணியில் எழுதினான்.

அப்போது திருத்தியவர்தான் கோடாலி.

"விழுறதைக் கூட்டாதே தம்பி, தப்புறதைப் பெருக்கு" என்று எழுதினார். "ஒரு அடி தப்ப அறுபது. மூணும் தப்ப இருபத்தொண்ணு புள்ளி ஆறு. மிச்சம் எழுபத்தெட்டுச் சொச்சம்தான் நமக்கு."

பேனா எடுக்கிற நேரத்துக்குள் பதில் வந்துவிட்டது. அன்றிலிருந்து அறிவுக்குக் கோடாலி அண்ணன் என்றால் சாமி மாதிரி. விளையாட்டுக்குள் அவர் ஆறடி உயரம், நெஞ்சு வரைக்கும் தாடி, தோளில் கோடாலி. நிஜத்தில் யார், எந்த ஊர் என்று ஒருவருக்கும் தெரியாது. மற்றவர்கள் மைக்கில் கத்துவார்கள், அவர் இரண்டு வருஷமாகத் தொண்டை சரியில்லை என்று எழுத்திலேயே பேசிவந்தார். சென்னையில் ஓய்வு பெற்ற பேராசிரியர் என்று அறிவு தீர்மானித்திருந்தான். எந்தக் கதவை உடைக்கலாம், எந்தப் பூட்டைத் தொடக்கூடாது, எந்த மந்திரம் பத்தில் எத்தனை தடவை பலிக்கும், எல்லாம் அவர் விரல் நுனியில் இருந்தது. தோற்றால் ஒருவரையும் குறை சொன்னதில்லை. "கணக்கு சரி, காலம்தான் சரியில்லை" என்பார். மனுஷர்!

இந்த வாளுக்கும் வழி அவர்தான் கண்டுபிடித்தார். உலையைச் சுற்றி அணி ஆள் ஒருவர் நின்றால் ஐந்து ஏறும். நான்கு பேரும் நின்றால் இருபது. நாற்பது அறுபதாகும். மூன்று அடியும் தப்புவது நூற்றுக்கு ஆறு புள்ளி நாலுதான்.

"எனக்கு அன்னைக்கு ஒரு வேலையா வெளியூர் போகணும் அண்ணே" என்று எழுதினான் அறிவு.

"எனக்கும் வீட்டில் விசேஷம்தான். பதினான்கு மாத உழைப்பு. நான் வந்துவிடுவேன், நீயும் வா."

அவர் அப்படிச் சொன்ன பிறகு வராமல் இருப்பானா?

கீழப்பழுவூரில் வீட்டு வாசலிலேயே பெண்ணின் அப்பா வைத்திலிங்கம் நின்றிருந்தார். சிமெண்ட் ஆலையில் முப்பது வருஷம் மேற்பார்வை பார்த்தவர். சிரிப்பதற்குக்கூட மேலிடத்து அனுமதி வேண்டும் என்பது போன்ற முகம்.

"வாங்க, வாங்க. ஏ குஞ்சம்மா, வந்துட்டாங்க!"

அடுக்களைக்குள்ளிருந்து "வாங்க, உக்காருங்க, தோ வரேன்" என்று பெண்ணின் அம்மா குரல் மட்டும் வந்தது. பால் சொசைட்டியில் பாலுக்குக் கொழுப்பு பார்க்கிற வேலையாம். இன்றைக்குக் கேசரியும் பஜ்ஜியும் தன் கையாலேயே செய்கிறாளாம்.

மணி பதினொன்று. போன் தொடையில் ஒரு தடவை அதிர்ந்தது. உலை திறந்துவிட்டது.

"மாமா, எனக்கு லேசா வவுறு சரியில்ல" என்றான் அறிவு.

வைத்திலிங்கம் கொல்லைப் பக்கம் கையைக் காட்டினார். அறிவு ஓடினான். துணி துவைக்கிற கல்லுக்குப் பக்கத்தில் நின்று போனைத் திறந்தான். நான்கு பேரும் உலையைச் சுற்றி வந்து நின்றிருந்தார்கள். அவர்களில் ஒருவனான வரதராஜன்பேட்டை லியோ பிரபு மைக்கில், "அடி மச்சான்! மாதாவே காப்பாத்து!" என்று கத்தினான்.

அறுபது. அடித்தான். டணார்!

விரிசல்.

"பதறாதே" என்று உடனே எழுதினார் கோடாலி. "இன்னும் ரெண்டு அடி இருக்கு. ரெண்டும் தப்ப பதினாறுதான்."

அந்தப் பதினாறைப் படித்ததும் அறிவுக்கு மூச்சு வந்தது. அதே நேரம் வீட்டுக்குள்ளிருந்து நெய் கருகுகிற வாசனையும் வந்தது.

"ஏ குஞ்சம்மா, என்னமோ தீயுது பாரு!" என்று வைத்திலிங்கம் கத்துவது கேட்டது.

"பாத்துட்டுதான் இருக்கேன்!"

அறிவு திரும்பி வந்தபோது ஒரு பெரிய டம்ளர் நிறைய ஓமத்தண்ணி காத்திருந்தது.

"ஒரே மடக்கா குடிங்க தம்பி. வவுறு கல்லு மாதிரி ஆயிடும்" என்றார் வைத்திலிங்கம். குடித்து முடிக்கும்வரை அவன் தொண்டையையே மேற்பார்வை பார்த்தார். பாதி டம்ளரில் இருந்தபோது கொல்லையில் என்னமோ இடி மாதிரி சத்தம் கேட்டதே என்று விசாரிக்கவும் செய்தார். அறிவு இருமினான். இருமியதைப் பார்த்து இன்னொரு டம்ளர் வந்தது.

மணி பதினொன்று பத்து. சத்தத்தை அணைத்து, போனை மடியில் மறைத்துப் பார்த்தான். லியோ பிரபுவைக் காணோம். நெட் போய்விட்டது. அறுபது, ஐம்பத்தைந்தாக இறங்கியிருந்தது. லியோ வரும்வரை அடிக்கக்கூடாது என்று முடிவு செய்து, விரலைத் திரைக்கு மேலேயே தூக்கி வைத்துக்கொண்டான்.

அந்த நேரம் பார்த்துச் சக்தி காபித் தட்டோடு வந்தாள். கத்திரிப்பூ நிறச் சேலை. நல்ல பெண், நிமிர்ந்த பார்வை.

"நிமிந்து பாருடா" என்று மாமா அவன் விலாவில் ஒரு இடி இடித்தார்.

விரல் திரையில் விழுந்தது. அறிவின் நெஞ்சுக்குள் மட்டும் டணார்!

இரண்டாவது விரிசல்.

அறிவின் முகம் செத்துப்போயிற்று. மாமாவோ அதை வெட்கம் என்று நினைத்துக்கொண்டு, "என்னடா, பொண்ணு எப்புடி? சபையிலயே சொல்லிடு" என்றார்.

திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் அறிவு சொன்னான்: "அம்பத்தஞ்சுதான் காட்டுது."

காபி ஆற்றிக்கொண்டிருந்த அவன் அம்மாவின் கை அப்படியே நின்றது.

"என்னது?" என்றார் வைத்திலிங்கம்.

பயத்தில் அறிவு சமாளிக்கப் பார்த்தான். "இல்ல மாமா, லியோ வந்தா அறுவதாயிடும்."

"யாருடா அந்த லியோ?" என்றாள் அம்மா.

"யோவ், என் பொண்ணுக்கு மார்க்கா போடுற?" வைத்திலிங்கம் எழுந்தேவிட்டார். "காலேஜி முழுக்க அவ மார்க்கு போடுறா!"

இனி மறைத்து ஆகாது என்று அறிவு போனை நடுவில் இருந்த ஸ்டூலில் வைத்தான். விளையாட்டு, உலை, பதினான்கு மாதம், விரிசல், எல்லாவற்றையும் சொன்னான். வயிற்றுவலி பொய் என்பதையும் சொன்னான். ஓமத்தண்ணிக்காக வைத்திலிங்கத்துக்கு வந்த கோபத்தைச் சொல்ல என்னிடம் வார்த்தை இல்லை.

சக்தி மட்டும் தட்டை வைத்துவிட்டுக் குனிந்து திரையைப் பார்த்தாள்.

"ரெண்டு தப்பிடுச்சு. அதனால மூணாவது விழுந்துதான் ஆவணும்னு நெனைக்கிறீங்களா?"

"இல்லீங்க. மொத ரெண்டு அடி என்ன ஆச்சுன்னு மூணாவது அடிக்குத் தெரியாது. அதுக்கு அதே அம்பத்தஞ்சுதான்."

சக்தி நிமிர்ந்தாள். "இதைத்தான் எங்க புள்ளைங்களுக்கு மூணு வாரமா சொல்றேன், ஒருத்தரும் நம்ப மாட்டேங்குறாங்க. ஒங்களுக்கு யாரு சொன்னா? முழுசா கணக்குப் போட்டா மொதல்லயே மூணும் தப்ப ஆறு புள்ளி நாலுதான இருந்திருக்கும்?"

பேனா இல்லை, காகிதம் இல்லை, அதே வேகம், அதே ஆறு புள்ளி நாலு! அறிவு எழுந்து நின்று கைகூப்பிவிட்டான்.

"நீங்கதான் கோடாலியா?"

"என்னது, கோடாலியா?" என்றாள் சக்தி.

"மொதல்ல அம்பத்தஞ்சு, இப்ப கோடாலியா?" வைத்திலிங்கம் வாசல் பக்கம் கையை நீட்டினார். "எந்திரிச்சுப் போங்கய்யா!"

அம்மா சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். "வாடா போவலாம். இனிமே ஒனக்கு அந்த வாளையே கட்டி வெக்கிறேன்."

"மன்னிச்சிடுங்க மாமா. கோடாலிங்கிறது எங்க அணியில ஒரு பெரியவரு பேரு. எனக்கு யோசிக்கக் கத்துக்குடுத்தவரு. இவங்க கணக்கு சொன்னதும் அவரே பேசுன மாதிரி இருந்துச்சு, அதான் கைய எடுத்துக் கும்புட்டேன்."

மணி பதினொன்று இருபத்தாறு. போனை எடுத்தான்.

"இன்னும் என்னடா பாக்குற? அடிச்சித் தொலை, இல்ல அணைச்சித் தொலை" என்றார் மாமா.

"நானா அடிக்க முடியாது மாமா. தப்புனா வாளே போயிடும். எனக்கு மட்டும்னா துணிஞ்சு அடிச்சிடுவேன். இது அஞ்சு பேரு வாளு. அவரு ஒரு வார்த்த சொல்லட்டும்."

எல்லார் முன்னாலும் நின்றபடியே எழுதினான்: 'அண்ணே, வந்த இடத்தில் பெண் பார்க்கிற காரியம் என் தப்பால் கெட்டுப் போச்சு. ரொம்ப நல்ல பெண். வாளையும் கெடுக்க மனசு இல்லை. அடிக்கவா, விடவா?'

பதில் இல்லை. திரையில் அந்தத் தாடிக்காரர் தோளில் கோடாலியோடு உலைக்குப் பக்கத்தில் அசையாமல் நின்றார். பதினொன்று இருபத்தேழு. பதினொன்று இருபத்தெட்டு.

அடுக்களைத் திரைச்சீலை விலகியது. அன்றைக்கு முதல் தடவையாகக் குஞ்சம்மாள் கூடத்துக்கு வந்தாள். ஒரு கையில் ஓரமெல்லாம் கருகிய கேசரித் தட்டு, இன்னொரு கை முந்தானைக்குள். கணவரைத் தாண்டி வந்து, தட்டை அறிவுக்கு முன்னால் வைத்தாள்.

"லியோ வந்துட்டான், அறுவது ஆயிடுச்சு. பயப்படாம அடிங்க மாப்ள, தோள்ல கோடாலியோட நான் ஒலைக்குப் பக்கத்துலதான் நிக்கிறேன்."

கண்ணுகளா, உங்கள் வீட்டிலும் நல்ல காரியம் கூடிவரட்டும், பிள்ளைகள் மனசுக்குப் பிடித்த இடத்தில் வாழட்டும், வாசல் நிறைய சொந்தம் சேரட்டும், எல்லாரும் நல்லா இருங்கள்.