இல்லத்துணைக்கு ஒரு முகவரி

மனிதகுலம் நிலவில் கால் வைத்ததை எல்லோரும் பெரிதாகப் பேசுகிறார்கள். அதைவிடப் பெரிய காரியமொன்று கஹவத்தைக்கு மேலே, கிளாராவத்தைத் தோட்டத்துக் கீழ்ப் பிரிவில், தொழிலாளர் வரிசை வீடுகளில் நாலாம் லயத்தின் ஆறாம் காம்பராவில் நடந்தேறியது. அதைப் பற்றி இன்னும் எந்தப் பாடப் புத்தகமும் எழுதவில்லை என்றால், அது பாடப் புத்தகங்களின் குறை. அங்கே ஒரு 'ஸ்மார்ட் இல்லம்' உருவாக்கப்பட்டது.

இல்லம் ஏற்கனவே இருந்தது. அதாவது பத்துக்குப் பன்னிரண்டடியில் ஓர் அறை, முன்னால் ஒடுங்கிய விறாந்தை, மேலே தகரம். அதில் ஜீவராணியும் அவளுடைய அம்மா வெள்ளையம்மாவும் இருந்தார்கள். 'ஸ்மார்ட்' மட்டுந்தான் இருக்கவில்லை. அந்தக் குறையைத் தீர்க்க 'ஒளிரும் லயம்' என்னும் திட்டம் முன்வந்தது. தோட்டத்தின் நூற்றுப் பதினெட்டுக் காம்பராக்களையும் விஞ்ஞான முறைப்படி ஆராய்ந்து, ஆறாம் காம்பராவைத் தேர்ந்தெடுத்தார்கள். திட்டத்தின் வான் வண்டி நிற்கும் இடத்திலிருந்து படி ஏறாமல் போகக்கூடிய காம்பரா அது ஒன்றுதான்.

திட்ட இணைப்பாளர் பரராசசிங்கம் யாழ்ப்பாணத்திலிருந்து இரத்தினபுரிக்கு மாற்றலாகி வந்தவர். நல்ல மனிதர், கெட்டவராக இருக்க அவருக்கு நேரமில்லை, அவ்வளவு அறிக்கைகள். பால்மா டின் அளவில் வெள்ளையாக இருந்த சாதனத்தை அவர் தம் கையாலேயே சாமிப் படத்துக்குப் பக்கத்துப் பலகையில் வைத்தார். அதன் பெயர் 'இல்லத்துணை'. இணையம் தரும் ரூட்டர், பற்றரி எல்லாம் அதன் வயிற்றுக்குள்ளேயே இருந்தன. விளக்கைப் போடு என்றால் போடும். மழை வருமா என்று கேட்டால் சொல்லும்.

"மழையத்தான் தகரமே சொல்லுதுங்களே," என்றாள் வெள்ளையம்மா.

"அது மழை வந்தாப் பிறகு சொல்லும் அம்மா. இது வர முந்திச் சொல்லும்."

"முந்திச் சொன்னா மட்டும் ஒழுகாதுங்களா?"

பரராசசிங்கம் அதைக் குறிப்பேட்டில் 'பயனாளி ஆர்வத்துடன் வினாக்கள் தொடுத்தார்' என்று எழுதிக்கொண்டார்.

ஜீவராணிக்கு வேறு கவலை இருந்தது. உயர்தரப் பரீட்சையில் சித்தியடைந்து, தோட்டத்துப் பிள்ளைக் காம்பராவில் முப்பது குழந்தைகளுக்கு மூக்குத் துடைத்துக்கொண்டே, தாதியர் பயிற்சிக்கு விண்ணப்பித்திருந்தாள். நேர்முகப் பரீட்சைக்குக் கடிதம் வந்தது. பரீட்சை முடிந்து ஒன்பதாம் நாள் அவள் கைக்கு வந்தது.

இதில் யாருடைய தவறும் இல்லை. லயத்துக்கு முகவரி கிடையாது. தோட்டத்து மக்களின் கடிதமெல்லாம் தோட்ட நிர்வாகியான துரையின் முகவரிக்கு, தோட்டக் காரியாலயத்துக்கே வரும். அங்கிருந்து காலைப் பெரட்டுக்குப் போகும். வேலைக்கு ஆள் எண்ணும் அந்த இடத்தில் பெயர் கூப்பிடுவார்கள். பெரட்டில் நிற்பவர்களுக்குக் கடிதம். நிற்காதவர்களுக்கு மேசை இழுப்பறை.

"மூணு நாளு பேரு கூப்பிட்டோம், ஆளு இல்ல," என்றார் பெரிய கிளாக்கர்.

"பெரட்டுக்குப் போறவங்க பிள்ளைங்கள நான்தானுங்களே பாத்துக்கிட்டு இருந்தேன் ஐயா."

"அதத்தான் நானும் சொல்றேன். நீ இருக்க வேண்டிய எடத்துல இல்ல."

அவள் தாதியர் பயிற்சிக்காரர்களுக்கு மன்றாடி எழுதினாள். ஒரேயொரு தடவை மட்டும் மறு தேதி தருவோம், சரியான முகவரியை இம்மாதம் இருபத்திரண்டாம் திகதிக்குள் அறியத் தரவும் என்று தொலைபேசிக்குச் செய்தி வந்தது. சரியான முகவரி! அந்த இரண்டு சொற்களையும் அவள் பிள்ளைக் காம்பராவில் பால் கரைக்கும்போதும் திரும்பத் திரும்பப் பார்த்தாள். சீனி போட்டாளா இல்லையா என்பது மறந்துபோனது. குழந்தைகள் இரட்டிப்புச் சீனியோடு குடித்துவிட்டு அன்று முழுக்கத் தூங்கவில்லை.

இந்த நிலையில்தான், வந்த மூன்றாம் நாள், இல்லத்துணை இணைப்பை இழந்தது. நாடே கவலைப்பட வேண்டிய செய்தி. ஏனென்றால் இருபதாம் திகதி வெளிநாட்டுக் கொடையாளர்கள் பார்வையிட வருகிறார்கள், அன்று பதினொன்று.

விளக்கு மூன்று தரம் சிமிட்டியது. பிறகு வானொலிச் செய்தி வாசிப்பது போன்ற குரலில் இல்லத்துணை பேசியது:

"மன்னிக்கவும். தாங்கள் தற்போது தங்கள் வீட்டில் இல்லை. வீட்டிற்குச் சென்று மீண்டும் முயலவும்."

சோற்றைக் கிளறிக்கொண்டிருந்த வெள்ளையம்மா அகப்பையோடு திரும்பினாள். அவள் பிறந்ததும், சமைந்ததும், தாலி கட்டிக்கொண்டதும், தாலியைக் கழற்றியதும் அதே காம்பராவில்தான்.

"அடேய் டின்னு! நான் அம்பத்தாறு வருசமா இங்கதான்டா இருக்கேன். நீ வந்து மூணு நாளாகல!"

"மன்னிக்கவும். தாங்கள் தற்போது தங்கள் வீட்டில் இல்லை."

கால் மணிக்கு ஒரு தடவை அது இப்படிச் சொன்னது. பக்கத்துக் காம்பராக்காரர்கள் வந்து கேட்டுவிட்டுப் போனார்கள். ஒருவர் மட்டும், "சொல்றதுல தப்பில்லையே," என்றார். அவர் தொழிற்சங்கத்தில் இருந்தவர்.

பரராசசிங்கம் தொலைபேசியில் நிலைமையை ஏற்றுக்கொண்டார். 'பழுது நீக்கல் படிமுறை'யை வாசித்தார்.

"பிள்ளை, பதற வேண்டாம். முதலாவது, நிப்பாட்டிப்போட்டு முப்பது செக்கன் பொறுத்துத் திருப்பிப் போடும்."

போட்டாள். தாங்கள் தற்போது தங்கள் வீட்டில் இல்லை.

"ரெண்டாவது, உயரமான இடத்திலை வையும்."

சாமிப் படத்துக்கு மேலே ஏற்றினார்கள். மாரியம்மன் கீழே போனாள். முகம் சுளிக்கவில்லை, பழக்கம்.

"மூண்டாவது, பக்கத்திலை உலோகப் பொருள் ஒண்டும் இருக்கப்படாது."

வெள்ளையம்மா அண்ணாந்து பார்த்தாள். "கூரையக் கழட்டிறட்டுமான்னு கேளு."

ஜீவராணி கேட்டாள். "இப்போதைக்குத் தேவையில்லை. ஆனா நல்ல யோசினை," என்றார் பரராசசிங்கம்.

நாலாவது படி, நிறுவனத்தின் உதவி இலக்கத்துக்கு அழைப்பது. ஒரு பெண் மிக இனிமையாக எடுத்தாள்.

"உங்கள் வீட்டு இலக்கம்?"

"ஆறாங் காம்பராங்க."

"வீதியின் பெயர்?"

"ரோடுங்க."

"ரோட்டின் பெயர், மிஸ்?"

ஜீவராணி வெளியே எட்டிப் பார்த்தாள். ரோடு அங்கேதான் இருந்தது. இருபத்துநாலு வருசமாக அதில்தான் நடக்கிறாள். பெயரைக் கேட்டதே இல்லை. முகம் சூடாயிற்று. ரோட்டிடம் ஏதோ மரியாதைக்குறைவாக நடந்துகொண்டதுபோல இருந்தது.

"மன்னிக்கவும், அப்படியொரு வீடு எங்கள் பதிவில் இல்லை," என்று இனிமை குறையாமல் வைத்துவிட்டாள் அந்தப் பெண். டின்னுக்கும் அவளுக்கும் ஒரே பாடசாலை.

கடைசியில் ஓப்பநாயக்கவிலிருந்து தொலைபேசி திருத்தும் ஆதிப் வரவழைக்கப்பட்டான். பரராசசிங்கமும் கூடவே வந்தார். ஆதிப் டின்னைத் திருப்பி, ஒட்டியிருந்த துண்டைப் படித்து, பரராசசிங்கத்தைப் பார்த்தான்.

"சேர், இது எந்த அட்ரஸுக்கு எடுத்த கனெக்சன்?"

"ஏன், தோட்டத்தின்ரை முகவரிக்குத்தான். துரையின்ரை பங்களாவும் காரியாலயமும். வேறை முகவரி இஞ்சை இல்லையே."

"அப்ப இது சரியாத்தான் வேல செய்யிது சேர். இது வீட்டுக் கனெக்சன். எழுதின அட்ரஸ்ல இருந்து தூரம் போனா ரெண்டு நாள் பாத்துட்டு கட் பண்ணிரும். இதுட வீடு பங்களா."

மூவரும் டின்னைப் பார்த்தார்கள். டின் உண்மையையே பேசியிருக்கிறது.

சோதித்துப் பார்க்க வேண்டுமே. பங்களாவுக்குச் செங்குத்தாக ஒரு மைல். ஜீவராணி பிள்ளைக் காம்பராப் பழக்கத்தில் அதைத் தோளில் சாய்த்து, முதுகைத் தட்டிக்கொண்டே ஏறினாள். பங்களாக் கேற்றைத் தாண்டியதும் டின் சிலிர்த்தது. நீல வெளிச்சம் வந்தது.

"தங்கள் இல்லத்திற்கு நல்வரவு! விளக்கை ஏற்றட்டுமா?"

உள்ளே துரையின் பங்களா, புல்வெளி, வரிசையாகப் பூச்சாடிகள். ஒரு கணம், ஒரே கணம், ஜீவராணியின் மனதுக்குள் யாரோ "ஏத்து" என்றார்கள். அது யார் என்று அவள் பிறகு வெகுநேரம் யோசித்தாள். இறங்கி வரும்போது டின் கனத்தது. ஏறும்போது இந்தக் கனம் இல்லை. ஒரு டின்னைப் பார்த்து வயிறெரிவது என்ன வியாதி, தாதியர் பயிற்சியில் அதற்கு மருந்து சொல்லித் தருவார்களா என்று நினைத்து, தனியாகச் சிரித்துக்கொண்டாள்.

பதினாறாம் திகதி தோட்டக் காரியாலயத்தில் 'அவசர உயர்மட்டக் கூட்டம்' நடந்தது. மாவட்டத்திலிருந்து ஒரு தலைவர், தபாலிலிருந்து ஒருவர், கிராம சேவகர், துரைக்கு அடுத்த அதிகாரியான சின்ன துரை, பரராசசிங்கம். டின்னைச் சுமக்கவும் தேநீர் ஊற்றவும் ஜீவராணி. ஒவ்வொருவர் கதவைத் திறக்கும்போதும் இல்லத்துணை "தங்கள் இல்லத்திற்கு நல்வரவு" என்றது. தலைவர் மட்டும் "நன்றி" என்றார்.

"லயத்துக்கு ஒரு முகவரி குடுத்தாப் பிரச்சினை முடியும்," என்றார் பரராசசிங்கம்.

சின்ன துரை தேநீர்க் கோப்பையை வைத்துவிட்டார். "முகவரி கொடுத்தா, வீடு எங்களுதும்பாங்க. வீடு கொடுத்தா, காணி கேப்பாங்க. நாளைக்கு யார் பதில் சொல்றது?"

"யார் கேட்பது?" என்றார் தலைவர்.

"இவங்கதான்." சின்ன துரையின் கை ஜீவராணி நின்ற பக்கமாகப் பொதுவாக ஒரு வட்டம் போட்டது. அந்த வட்டத்துக்குள் ஒரு அலுமாரியும் இருந்தது.

"இது காணி கேட்குமோ?" என்று டின்னைச் சுட்டினார் தலைவர்.

"கேளாது, சேர். நான் உத்தரவாதம்," என்றார் பரராசசிங்கம்.

"வாக்களிக்குமா?"

"இல்லை, சேர்."

"சம்பள உயர்வு?"

"கரண்ட் மட்டும் போதும், சேர்."

அறையில் ஒரு நிம்மதி பரவியது. இப்படியொரு குடியிருப்பாளர் தோட்டத்துக்குக் கிடைத்ததில்லை. "அப்படியானால் இதற்கே கொடுத்துவிடுவோம்," என்றார் தலைவர். கிராம சேவகர் "ஹரி, ஹரி" என்று சிங்களத்தில் சரி சொல்லி, அங்கேயே முத்திரையை ஊதி ஊதிக் குத்தினார்.

ஜீவராணி சீனிக் கிண்ணத்தை நீட்டிக்கொண்டே கேட்டாள்: "சேர், அந்த அட்ரஸுல எனக்கும் ஒரு கடுதாசி வந்தா…"

"பிள்ளை, நிகழ்ச்சி நிரலிலை அது இல்லை," என்றார் பரராசசிங்கம், அன்பாக.

சான்றிதழ் மும்மொழியிலும் வந்தது. 'இல. 4/6, கீழ்ப் பிரிவு வீதி என்னும் இம்முகவரி இல்லத்துணை எனப்படும் சாதனத்திற்கு மாத்திரம் உரித்தானது. அச்சாதனத்தின் அயலில் வசிப்போருக்கு இதனால் எவ்வித உரிமையும் ஏற்படாது.' நாலு தலைமுறையில் ஆகாத வேலை, ஆறே நாளில். ரோட்டுக்கும் பெயர் கிடைத்தது. ஆறாம் காம்பராவின் கதவு நிலையில் இலக்கத் தகடு அடித்தார்கள். ஆணி அடித்த அதிர்ச்சியில் தகரத்தில் புதிதாக ஓர் ஓட்டை விழுந்தது. அது திட்டத்தின் கீழ் வராது.

இருபதாம் திகதி கொடையாளர்கள் வந்தார்கள். "தங்கள் இல்லத்திற்கு நல்வரவு!" என்றது டின், கணீரென்று. கைதட்டினார்கள். ஒரு வெள்ளைக்கார அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டார். வெள்ளையம்மா விறாந்தையில் நின்றாள், உள்ளே இடமில்லை.

வான் போன பிறகு ஜீவராணி நிலைக்கு வெளியே வந்து தகட்டைப் பார்த்தாள். விரலால் இலக்கத்தைத் தடவினாள். உள்ளே போய், இரண்டு நாளுக்குள் அனுப்ப வேண்டிய முகவரித் தாளை எடுத்தாள். பேனா 'முகவரி' என்ற கோட்டின் மேல் நின்றது. பொய் எழுத அவளுக்கு வராது. தன் முகவரி என்று எழுத, அது தன்னுடையது இல்லை. சான்றிதழில் மூன்று மொழியில் சொல்லியிருக்கிறார்கள். கொஞ்ச நேரம் பலகையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"என்னடி, டின்னப் பாத்து மொறைக்கிற?"

"ஒரு ஒதவி கேக்கலாமான்னு பாக்குறேன்ம்மா."

எழுதினாள்: 'ஜீவராணி, மே/பா இல்லத்துணை, இல. 4/6, கீழ்ப் பிரிவு வீதி, கிளாராவத்தை, கஹவத்தை.'

அடுத்த மாதம் ஒரு முற்பகல். வெள்ளையம்மாவுக்குக் காய்ச்சல் என்று ஜீவராணியும் வீட்டில் இருந்தாள். லயத்து நாய்களெல்லாம் ஒன்றாகக் குரைத்தன. அவை அதுவரை தபால்காரரைக் கண்டதில்லை. சைக்கிளைச் சாய்த்துவிட்டு, தகட்டையும் கையிலிருந்த பதிவுத் தபாலையும் மாறி மாறிப் பார்த்தார் அவர். ஜீவராணி கையெழுத்துப் போட்டு வாங்கினாள். உறையைக் கிழித்தாள். தேதியைத் தேடினாள். நேர்முகப் பரீட்சைக்கு இன்னும் பதினோரு நாள் இருந்தது. திரும்ப எண்ணினாள். அப்போதும் பதினொன்றுதான். அப்படியே வாசற்படியில் உட்கார்ந்துவிட்டாள்.

தபால்காரர் போகவில்லை. புது முகவரி, பதிவேட்டில் குடும்பத் தலைவரின் பெயரை எழுத வேண்டும். உள்ளே எட்டிப் பார்த்து, "கெதர அயித்திகாரயா கோ?" என்றார். பிறகு தமிழிலும் கேட்டார்: "வீட்டுக்காரர் எங்க அம்மே?"

வெள்ளையம்மா போர்வையை விலக்கி எழுந்து உட்கார்ந்தாள். பலகையைக் காட்டினாள்.

"அந்தா, சாமிக்கு மேல ஒக்காந்திருக்காரு பாருங்க. நாங்க நாலு தலமொறையா, அவரு வர்ற வரைக்கும் வீட்டப் பாத்துக்கிட்டு இருந்தோமுங்க."