சுண்ணாம்பு மேட்டு வேலி

ஒரு காட்டில் ஒரு சுண்ணாம்பு மேடு இருந்தது. மரம் எதுவும் அங்கே வேர் பிடிக்காது. ஆனால் நாலு தூறல் விழுந்தால் போதும், குட்டைப் புல்லுக்கு நடுவே விஷ்ணுகிரந்தி நீல நீலமாய்ப் பூத்துக் கிடக்கும். வெள்ளச்சி என்ற ஆடு தன் இரண்டு குட்டிகளோடு அங்கேதான் வயிற்றைக் கழுவி வந்தாள்.

ஒருநாள் வன அதிகாரி மயிலார் வந்தார். பூவுக்குப் பக்கத்தில் தோகையை விரித்துப் படம் எடுத்துக்கொண்டார். அடுத்த வாரமே முள்வேலியும் பலகையும் வந்துவிட்டன. 'பாதுகாக்கப்பட்ட புல்வெளி. உள்ளே யாரும் நுழையக் கூடாது. உள்ளிருக்கும் எந்த உயிரையும் வெளியேற்றக் கூடாது.'

"ஐயா, நாங்க மேயலேன்னா புல்லு மண்டிப் பூவை மூடிடுமே!" என்றாள் வேலிக்கு வெளியே நின்ற வெள்ளச்சி.

"அடியே, பூவுக்கு எமனே நீதான். கிளம்பு, கிளம்பு!" என்றார் மயிலார்.

பாவம், எங்கே போவாள்? மற்ற இடமெல்லாம் சீமைக் கருவேல முள். குட்டிகள் சருகைத் தின்று எலும்பும் தோலுமாகிவிட்டன. வேலிக்குள்ளே புல்லோ மயிலாரின் கொண்டை வரை வளர்ந்து நின்றது. பூவைக் காணோம்.

அந்த நேரம் பார்த்துத்தானா சிங்க மகாராஜா பூ பார்க்கக் கிளம்ப வேண்டும்? மயிலாருக்குக் கை கால் ஓடவில்லை.

"அம்மா தாயே, கொஞ்சம் மேய்ஞ்சு குடுத்துட்டுப் போயிடு. வெளியே மூச்சு விடாதே," என்று குழைந்தார்.

"தனியா ஆகாதுங்க. புள்ளைங்களையும் கூட்டிட்டு வர்றேன்."

மூன்று பேரும் தலை நிமிராமல் மேய்ந்தார்கள். வெயில் பட்டதும் பூ மறுபடி எட்டிப் பார்த்தது. மகாராஜா வந்தபோது வெள்ளச்சி குட்டிகளோடு பாறைக்குப் பின்னால் ஒளிந்து நின்றாள்.

"பலே! எதனால் இப்படிப் பூத்திருக்கிறது?"

"எல்லாம் வேலியால்தான், மகாராஜா."

"அப்படியா? இன்னொரு வேலி போடு!"

வேலிக்கு மாலை போட்டுவிட்டு மகாராஜா போனார்.

"வந்த வேலை முடிஞ்சுதில்ல? வெளியே நட," என்றார் மயிலார்.

வெள்ளச்சி அசைபோட்டபடி பலகையைக் காட்டினாள். "எந்த உயிரையும் வெளியேற்றக் கூடாதுன்னு நீங்கதானே எழுதி வெச்சீங்க? மகாராஜாவைக் கூப்பிட்டுக் கேட்டுடலாமா?"

மயிலார் பலகையைப் படித்தார். மறுபடியும் படித்தார். திரும்பிப் போய்விட்டார்.

இரண்டாவது வேலியும் வந்தது. இப்போது ஓநாய்கூட உள்ளே வர வழியில்லை. குட்டிகள் கொழுகொழுவென்று ஆகிவிட்டன. ஒருநாள் வெள்ளச்சியின் சொந்தத் தங்கை, ஒட்டிய வயிறும் ஒரு குட்டியுமாக வேலியோரம் வந்து நின்றாள்.

"அக்கா, எங்களையும் உள்ளே விடச் சொல்லேன்."

வெள்ளச்சி அவளை மேலும் கீழும் பார்த்தாள்.

"அடியே, பூவுக்கு எமனே நீதான். கிளம்பு, கிளம்பு!"

நீதி: வேலி நல்லதா கெட்டதா என்று மண்டையை உடைத்துக்கொள்ளாதே. போடுகிற அன்றைக்கு உள்பக்கமாக நின்றுகொள்.