கேஸ் முடியும்வரை ஆணி அடிக்காதவர்

மலேசியாவில் எங்கள் ஊரான பத்து பகாட்டில் நீதிமன்றத்தை ஆணி அண்ணன் அளவுக்கு மதித்தவர் யாருமில்லை. நீதிபதிகளையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

அண்ணன் எங்கள் தெருவில் முடிவெட்டும் கடை வைத்திருந்தார். வாடகைக் கடை. மகளுக்குப் பல் கிளினிக் வைக்க இடம் வேண்டும் என்று கடைச் சொந்தக்காரர் வழக்குப் போட்டார். அண்ணனுக்கு அந்தக் கடையைத் தவிர வேறு உலகமில்லை. விட மாட்டேன் என்று நின்றார். அவருடைய லோயர், "கேஸ் முடியுற வரைக்கும் கடையில எதையும் மாத்திடாதீங்கண்ணே" என்று சொல்லிவைத்தார். சுவரை இடித்துவிடாதே என்பதுதான் பொருள். அண்ணன் அதை வேதவாக்காக எடுத்துக்கொண்டார்.

அந்த வாரமே ஆணி பிடுங்கிக்கொண்டு சுவர்க்கண்ணாடி கீழே இறங்கியது. நல்லவேளை, உடையவில்லை. புது ஆணி அடித்தால் அது மாற்றம் ஆகிவிடுமே! அன்றிலிருந்து முடிவெட்டப் போகிறவர்தான் கண்ணாடியை மடியில் நிறுத்திப் பிடித்துக்கொள்ள வேண்டும். அண்ணனுக்கு 'ஆணி' என்ற பெயரும் அப்படித்தான் வந்தது. பிறகு விளக்கு போனது, மாற்றவில்லை. கூரை ஒழுகியது, நேராக நாற்காலிக்கு மேல். நாற்காலியைக் கொஞ்சம் நகர்த்தலாமே என்றேன். அது நீதிமன்ற அவமதிப்பு என்றார். மழை நாளில் எங்களுக்கு ஒரு கையில் கண்ணாடி, மறு கையில் குடை. அந்த அரையிருட்டிலும் அவர் கத்தரி ஒரு முடிகூடப் பிசகியதில்லை. அதனால்தான் எல்லாரும் போனோம். வழக்குப் போட்ட சொந்தக்காரரும் வந்தார், குடையோடு.

வழக்கோ தள்ளிக்கொண்டே போனது. ஒருமுறை நீதிபதிக்கு மாற்றல், ஒருமுறை ஃபைல் வந்து சேரவில்லை. வாடகைக்கு இருக்கிற வேறு யாராக இருந்தாலும் வழக்கு இழுப்பதற்காகவே சாமிக்குத் தேங்காய் உடைத்திருப்பார். அண்ணன் மட்டும் மேல்கோர்ட்டில் சொல்லிச் சீக்கிரம் முடிக்கவையுங்கள் என்று லோயர் ஆபீசிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"இழுத்தாத்தான் நமக்கு நல்லதுலா. முடிஞ்சா நீங்க தோத்தாலும் தோத்துடுவீங்கண்ணே."

"தோத்தா தோத்துட்டுப் போறேன் தம்பி. ரெண்டுங்கெட்டானா எத்தனை நாளைக்கு இருட்டுல வெட்டுறது?"

இனித் தள்ளிப்போடாமல் கெடுவுக்குள் தீர்ப்புச் சொல்லும்படி உயர் நீதிமன்றம் கீழ் நீதிமன்றத்துக்கு உத்தரவிட்டது. தீர்ப்பும் வந்தது. அண்ணன் தோற்றார். மாதக் கடைசிக்குள் காலி செய்ய வேண்டும்.

மறுநாள் ஆறுதல் சொல்லப் போனால், உள்ளே சுத்தியல் சத்தம். கூரை ஓட்டை அடைபட்டிருந்தது. புது விளக்கு எரிந்தது. அண்ணன் ஸ்டூல் மேல் நின்று ஆணி அடித்துக்கொண்டிருந்தார். முடிவெட்ட வந்த சொந்தக்காரர் வாசலிலேயே நின்றுவிட்டார்.

"காலி பண்ணப்போற கடைக்கு ஏன்பா இதெல்லாம்?"

"கேஸ்தான் முடிஞ்சிருச்சே முதலாளி. நீங்க குடுத்தப்ப எப்படி இருந்துச்சோ, அப்படித்தானே திருப்பிக் குடுக்கணும்."

சொந்தக்காரர் வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். கண்ணாடியும் இல்லை, குடையும் இல்லை. கைகளை எங்கே வைப்பதென்று அவருக்குத் தெரியவில்லை.

அண்ணன் இப்போது பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் சின்னதாக ஒரு கடை போட்டிருக்கிறார். கண்ணாடி சுவரில் இருக்கிறது, விளக்கு பளிச்சென்று எரிகிறது. மாதம் தவறாமல் போகிறேன். கண்ணாடியில் என் முகத்தை நான் பார்ப்பதே இல்லை. எனக்குப் பின்னால் நிற்கும் அந்த மனிதரைத்தான் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.